வாசற்படியில் நிற்பவன்

1908-இல் ஓக்லஹோமாவின் கேஷ் என்ற சிற்றூரில் 'தி பேங்க் ராபரி' என்றொரு ஊமைப்படம் எடுத்தார்கள். இயக்கியவர் பில் டில்மன். கொள்ளையர்களைத் துரத்திப் பிடித்துப் பேர் வாங்கிய நிஜ மார்ஷல் அவர். கொள்ளைக்காரனாக நடித்த அல் ஜென்னிங்ஸ், ரயில் கொள்ளைக்காகச் சிறைக்குப் போய்வந்த நிஜக் கொள்ளைக்காரர். கொமாஞ்சி மக்களின் தலைவர் குவானா பார்க்கரும் அதில் தலைகாட்டுகிறார். காலம் சற்று முந்தியிருந்தால் ஒருவரையொருவர் கண்டதும் இடுப்புத் துப்பாக்கியைத் தொட்டிருக்கக்கூடிய மனிதர்கள், ஒரே கேமராவுக்கு முன்னால் சொன்னபடி நின்றார்கள், நடந்தார்கள், சுட்டார்கள்.

நாம் 'கௌபாய் படம்' என்று சொல்லிப் பழகிவிட்ட வெஸ்டர்ன் திரைப்படத்தைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் காட்சிதான் முதலில் நினைவுக்கு வருகிறது. ஒரு வாழ்க்கை முடிந்த கையோடு அதைக் கதையாக்கும் வேலை தொடங்கிவிட்டது. முடிந்துபோன ஒன்றைத் திரும்பிப் பார்க்கும் துக்கம் அந்தப் படங்களின் முதல் சுருளிலேயே ஏறியிருக்கிறது. துப்பாக்கியும் குதிரையும் புழுதியும் நம்மை அரங்குக்குள் இழுக்கின்றன என்பது உண்மைதான். ஆனால் நூற்றிருபது ஆண்டுகளாக இந்த வகைப் படம் சாகாமல் இருப்பதற்கு அந்தத் துக்கமே காரணம் என்பது என் எண்ணம்.

வரலாற்றில் அந்தக் காலம் வியக்கத்தக்க அளவு குறுகியது. 1865-இல் அமெரிக்க உள்நாட்டுப் போர் முடிந்தபோது டெக்சாஸில் நீண்ட கொம்பு மாடுகள் கேட்பாரற்றுப் பெருகிக் கிடந்தன. அங்கே அடிமாட்டு விலைக்குப் போன மாட்டுக்கு வடக்கு நகரங்களில் பல மடங்கு விலை. 1867-இல் கான்சாஸின் அபிலீன் ரயில் நிலையம் மாட்டுச் சந்தையாக மாறியதும், ஆயிரக்கணக்கான மாடுகளை நூற்றுக்கணக்கான மைல் ஓட்டிக்கொண்டு போகும் வேலை பிறந்தது. அந்த வேலையைச் செய்த கூலிக்காரன்தான் கௌபாய். மாதம் முப்பது, நாற்பது டாலர் சம்பளம். பகலெல்லாம் புழுதி, இரவில் காவல். 1874-இல் ஜோசப் கிளிடன் என்ற விவசாயி முள்கம்பிக்குக் காப்புரிமை வாங்கினார். திறந்த வெளியெங்கும் வேலி எழுந்தது. 1886-87 குளிர்காலத்தின் பனியில் வட சமவெளிகளின் மாடுகள் பெருமளவில் செத்து விழுந்தன. ஆக மொத்தம் இருபது ஆண்டு. 1890 மக்கள்தொகைக் கணக்கெடுப்பை வைத்து, இனி எல்லைப்புறம் என்று கோடு போட்டுக் காட்ட எதுவும் மிச்சமில்லை என்று அரசே அறிவித்துவிட்டது. மூன்றாண்டு கழித்து ஃபிரெடெரிக் ஜாக்சன் டர்னர் என்ற வரலாற்றாசிரியர், அமெரிக்காவின் குணத்தை வார்த்தது அந்த எல்லைப்புறமே என்று சிகாகோவில் கட்டுரை வாசித்தார். ஒன்றின் மதிப்பை அது கைவிட்டுப் போன பிறகு அளக்கத் தொடங்குவது மனித வழக்கம். ஒரு நாடே அந்த வழக்கத்தில் இறங்கியது.

கதையாக்கம் சினிமாவுக்கும் முந்தியது. மலிவு விலை நாவல்கள் ஒருபுறம். 1883-இல் தொடங்கிய பஃபலோ பில்லின் 'வைல்டு வெஸ்ட்' காட்சி மறுபுறம். நிஜக் குதிரைகள், நிஜ வீரர்கள், நிஜச் செவ்விந்தியர்கள். லகோட்டா மக்களின் பெருந்தலைவர் சிட்டிங் புல் 1885-இல் சில மாதங்கள் அந்தக் குழுவோடு ஊர் ஊராகப் போனார். 1890 டிசம்பரில் அவரைக் கைது செய்யப் போன இடத்தில் சுட்டுக் கொன்றார்கள். அதே மாதம் 29-ஆம் தேதி தெற்கு டகோட்டாவின் பைன் ரிட்ஜ் பகுதியில், வூண்டட் நீ ஓடைக்கரையில் ராணுவம் சுட்டதில் பெண்களும் குழந்தைகளுமாக இருநூற்றைம்பதுக்குக் குறையாத லகோட்டாக்கள் மாண்டார்கள். 1913-இல் பஃபலோ பில் அதே ஓடைக்கரைக்குக் கேமராவோடு போனார். உயிர்தப்பிய லகோட்டாக்களையும் ராணுவத்தையும் வைத்து அந்தப் படுகொலையைப் 'போர்' என்ற பெயரில் மீண்டும் நடத்திப் படம்பிடித்தார். அந்தப் படத்தின் பெரும்பகுதி இன்று கிடைக்கவில்லை. புதைகுழிகளுக்குப் பக்கத்திலேயே வெற்றுத் தோட்டாவுக்கு விழுந்து காட்டச் சொன்னபோது அந்த மக்கள் மனதில் என்ன ஓடியிருக்கும் என்பதை என்னால் கற்பனை செய்ய முடியவில்லை. வெஸ்டர்ன் படங்களை நேசிக்கும் எவரும் இந்த இடத்தைத் தாண்டிப் போய்விடக்கூடாது.

திரையில் இந்த வகைக்கு வழி திறந்தது எட்வின் போர்ட்டரின் 'தி கிரேட் டிரெயின் ராபரி'. 1903. பன்னிரண்டு நிமிடம். மேற்கில் எடுத்த படமல்ல, நியூ ஜெர்சியில் எடுத்தது. அதில் கொள்ளையர் தலைவன் நேராகப் பார்வையாளர்களை நோக்கிச் சுடும் ஒரு காட்சி தனியாக உண்டு. அதைப் படத்தின் தொடக்கத்திலோ முடிவிலோ ஒட்டிக்கொள்ளலாம் என்று அரங்கக்காரர்களுக்கு விட்டுவிட்டார்கள். அந்த ஆண்டு புகழ்பெற்ற ரயில் கொள்ளையன் புட்ச் காசிடி அர்ஜென்டினாவில் தலைமறைவாகப் பண்ணை நடத்திக்கொண்டிருந்தான். இன்னொரு பக்கம், டூம்ஸ்டோன் ஊரின் துப்பாக்கிச் சண்டையால் பேர்பெற்ற வயட் எர்ப் முதிய வயதில் ஹாலிவுட் படப்பிடிப்புகளுக்கு வந்துபோனார். 1929-இல் அவர் லாஸ் ஏஞ்சலஸில் இறந்தபோது, திரைக் கௌபாய்களான டாம் மிக்ஸும் வில்லியம் ஹார்ட்டும் சவப்பெட்டியைத் தூக்கியவர்களில் இருந்தார்கள். அசலைத் தோளில் சுமந்து போய் நகல் வழியனுப்பியது.

அந்த டூம்ஸ்டோன் சண்டையைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். 1881 அக்டோபர் 26. அரை நிமிடச் சண்டை, மூன்று சாவு. காரணங்களில் ஒன்று, ஊருக்குள் துப்பாக்கி எடுத்துவரக் கூடாது என்ற நகராட்சி விதி. அதை மீறியவர்களிடமிருந்து ஆயுதத்தைப் பறிக்கப் போனதில்தான் சண்டை மூண்டது. சினிமாவில் ஆளாளுக்கு இடுப்பில் தொங்கும் துப்பாக்கி, நிஜ ஊர்கள் பலவற்றில் தடை செய்யப்பட்டிருந்தது. அந்த அரை நிமிடத்தை ஹாலிவுட் திரும்பத் திரும்பப் படமாக்கியது. ஜான் ஃபோர்டின் 'மை டார்லிங் கிளமென்டைன்' (1946) அவற்றில் அழகானது. எனக்கு அதில் பிடித்தது சண்டையில்லை. கட்டி முடிக்காத தேவாலயத்தின் மரத்தளத்தில், திறந்த வானத்துக்குக் கீழே, ஹென்றி ஃபோண்டா கூச்சத்தோடு நடனமாடும் இடம். ஓர் ஊர் உருவாகிற கணம் அது. சுவர் இல்லை, கூரை இல்லை, மணிக்கூண்டின் சட்டம் மட்டும் எழுந்திருக்கிறது. அதற்குள் மனிதர்கள் ஆடத் தொடங்கிவிட்டார்கள்.

தமிழ் வாசகனுக்கு வெஸ்டர்னைப் புரிந்துகொள்ள இரவல் கருவி எதுவும் தேவையில்லை. நம் திணைக் கோட்பாடு போதும். நிலமும் பொழுதும் முதற்பொருள். அந்நிலத்தின் விலங்கும் தொழிலும் பறையும் கருப்பொருள். அங்கே மனிதர்க்கு நேரும் உணர்வு உரிப்பொருள். வெஸ்டர்னின் முதற்பொருள் செம்மண் பாறையும் வெட்டவெளியும் நண்பகலும். கருப்பொருள் குதிரை, சலூன், தந்திக்கம்பம், ஆறு தோட்டா ரிவால்வர். உரிப்பொருள்? வீரம் என்று சட்டென்று சொல்லத் தோன்றும். பெரிய வெஸ்டர்ன்களை வரிசையாகப் பார்த்தால் விடை வேறு. பிரிவு. பாலையின் உரிப்பொருளே இங்கும். நாயகன் வருகிறான், ஊரைக் காக்கிறான், போய்விடுகிறான். துப்பாக்கியால் அந்த ஊருக்கு அமைதி கொடுத்த அதே காரணத்தால் அவன் அங்கே வாழத் தகாதவன் ஆகிறான்.

1953-இல் வந்த 'ஷேன்' இதை ஒரு சிறுவனின் கண்ணால் சொல்கிறது. வயோமிங்கின் பனிமலை அடிவாரத்தில் எடுத்த படம். ஜார்ஜ் ஸ்டீவன்ஸ் இயக்கம். ஸ்டீவன்ஸ் இரண்டாம் உலகப் போரில் ராணுவப் படப்பிடிப்புக் குழுவை நடத்தியவர், டகாவ் வதைமுகாம் விடுவிக்கப்பட்டபோது அங்கே படம்பிடித்தவர். திரும்பி வந்தவருக்குத் திரையில் துப்பாக்கி விளையாட்டுப் பொருளாக இருப்பது பொறுக்கவில்லை. அதனால் 'ஷேன்' நெடுநேரம் சுடாமல் காத்திருக்கிறது. பிறகு ஒரு மழைநாள் மறுநாளின் சேற்றுத் தெரு. டோரி என்ற சின்ன உருவ விவசாயி, கறுப்புக் கையுறை போட்ட வாடகைக் கொலைகாரன் முன்னால் நிற்கிறான். மேலே மரத் திண்ணையில் கொலைகாரன், கீழே சேற்றில் இவன். டோரி துப்பாக்கியைப் பாதி உருவிவிட்டு, தோற்றுப்போனது தெரிந்து, கையை அப்படியே நிறுத்துகிறான். கொலைகாரன் ஒரு கணம் பார்த்துவிட்டுச் சுடுகிறான். காதடைக்கும் சத்தம். பீரங்கி வெடிப்பது போன்ற ஓசையை அதற்கென்றே உருவாக்கியிருந்தார் ஸ்டீவன்ஸ். நடிகரின் உடம்பில் கயிறு கட்டிப் பின்னால் இழுத்ததால் டோரி காற்றில் தூக்கி எறியப்பட்டுச் சேற்றில் மல்லாந்து விழுகிறான். அதற்குப் பிறகு அந்தப் படத்தில் யார் துப்பாக்கியைத் தொட்டாலும் வயிற்றில் ஒரு குளிர் இறங்கும்.

அதற்கு ஓராண்டு முன்னால் 'ஹை நூன்'. பழைய பகைவன் நண்பகல் ரயிலில் வருகிறான். மார்ஷல் வில் கேன் வீடு வீடாகப் போய்த் துணை கேட்கிறார். கதையின் நேரமும் படத்தின் நேரமும் ஏறக்குறைய ஒன்றுதான், எண்பத்தைந்து நிமிடம். சுவரெல்லாம் கடிகாரம். ஒருவரும் வரவில்லை. தேவாலயத்தில் நாகரிகமாக விவாதித்துவிட்டு, நீங்கள் ஊரைவிட்டுப் போவதே நல்லது என்கிறார்கள். திரைக்கதை எழுதிய கார்ல் ஃபோர்மன், கம்யூனிஸ்ட் வேட்டையின் நாடாளுமன்றக் குழு முன்னால் நிறுத்தப்பட்டு, பேர்களைக் காட்டிக்கொடுக்க மறுத்து, இங்கிலாந்துக்குப் போய்விட்டவர். கதவைச் சாத்திய நண்பர்களை அவர் தன் தெருவிலேயே பார்த்திருந்தார். ஜான் வெய்னுக்கும் இயக்குநர் ஹவர்டு ஹாக்ஸுக்கும் இந்தப் படத்தின் மேல் கடும் கோபம். ஊராரிடம் கையேந்தும் மார்ஷல் என்ன மார்ஷல் என்று பதிலுக்கு 'ரியோ பிராவோ' (1959) எடுத்தார்கள். அதுவும் அருமையான படமே. ஒரே கதைச் சட்டகத்துக்குள் இடதும் வலதும் வாதாட முடிந்தது இந்த வகையின் பலம். 1989 ஜூன் 4 அன்று போலந்தில் நடந்த தேர்தலுக்கு 'சாலிடாரிட்டி' இயக்கம் ஒட்டிய சுவரொட்டியில் வில் கேனாக வந்த கேரி கூப்பர் நடந்து வருகிறார். கையில் துப்பாக்கிக்குப் பதில் வாக்குச்சீட்டு. நெஞ்சில் இயக்கத்தின் சின்னம். கம்யூனிஸ்ட் வேட்டைக்கு எதிராக எழுதிய கதை, கம்யூனிஸ்ட் ஆட்சிக்கு எதிரான முகமாயிற்று.

இனி ஃபோர்டு. அவரைச் சுருக்கிச் சொல்ல எனக்கு மனம் வராது. 1939-இல் 'ஸ்டேஜ்கோச்' படத்துக்காக அரிசோனா, யூட்டா எல்லையில் நவாஹோ மக்களின் நிலத்தில் இருக்கும் மானுமென்ட் வேலிக்குப் போனார். வானத்தைத் தாங்கும் தூண்கள் போலச் செம்பாறைகள். அதற்குள் எறும்பு போல ஊரும் ஒரு குதிரைவண்டி. அதில் ஊரைவிட்டுத் துரத்தப்பட்ட பெண், குடிகார மருத்துவர், பணத்தைச் சுருட்டிக்கொண்டு ஓடும் வங்கிக்காரன், சிறையிலிருந்து தப்பி வந்த ரிங்கோ. ரிங்கோவாக ஜான் வெய்ன். அதுவரை துண்டு துக்கடாப் படங்களில் பத்தாண்டு காலம் தள்ளியவர் அந்தப் படத்தில்தான் நட்சத்திரமானார். 'சிட்டிசன் கேன்' எடுப்பதற்கு முன் ஆர்சன் வெல்ஸ் 'ஸ்டேஜ்கோச்'சைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்துச் சினிமா கற்றுக்கொண்டேன் என்று சொல்லியிருக்கிறார்.

பதினேழு ஆண்டு கழித்து அதே நிலத்தில் 'தி சர்ச்சர்ஸ்'. கதை நடப்பது டெக்சாஸ் என்று திரையில் எழுதுகிறார்கள். டெக்சாஸில் அப்படிப்பட்ட பாறைகள் கிடையாது. ஃபோர்டுக்கு வேண்டியது வரைபடம் அல்ல, திணை. இருட்டுத் திரையில் ஒரு கதவு திறக்கிறது. வீட்டுக்குள்ளிருந்து பார்க்கிறோம். ஒரு பெண் வெளியே வந்து கண்ணுக்குக் கைகொடுத்துப் பார்க்க, தூரத்தில் ஒருவன் குதிரையில் வருகிறான். தோற்ற பக்கத்தில் போரிட்ட ஈத்தன். பிறகு அந்த வீடு எரிகிறது, கொமாஞ்சிகள் சிறுமி டெபியைக் கொண்டுபோகிறார்கள், ஈத்தன் ஆண்டுக்கணக்கில் தேடுகிறான். தேடத் தேட நமக்கு ஒரு பயம் வளர்கிறது. இவன் தேடுவது மீட்கவா, கொல்லவா? கொமாஞ்சிகளோடு வளர்ந்துவிட்ட பெண் அவன் கண்ணில் கறைபட்டவள். புதைத்த கொமாஞ்சி ஒருவனின் பிணத்தைத் தோண்டிப் பார்த்துக் கண்களைச் சுடுகிறான், அவன் ஆவி அலையட்டும் என்று. அதுவரை அமெரிக்கா கொண்டாடிய வீரனின் முகத்தில் இனவெறி இவ்வளவு அப்பட்டமாக எழுதப்பட்டதில்லை. எழுதியவர் அந்த வீரனை உருவாக்கிய ஃபோர்டே. கடைசியில் டெபியைக் கைகளில் தூக்கிக்கொண்டு வருகிறான். எல்லோரும் வீட்டுக்குள் போகிறார்கள். அவன் மட்டும் வாசலில் நிற்கிறான். இடது கையால் வலது முழங்கையைப் பிடித்துக்கொண்டு ஒரு கணம். அது மறைந்த நடிகர் ஹேரி கேரியின் நிற்கும் பாணி. அவருக்குச் செய்த அஞ்சலி. அந்த வீட்டுக்காரியாக நடித்தவர் ஹேரி கேரியின் மனைவி ஆலிவ். திரும்பி நடக்கிறான். காற்று. கதவு சாத்திக்கொள்கிறது, திரை இருள்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் அந்தக் கதவு என் முகத்தில்தான் சாத்துகிறது.

இந்தக் கதைக்கு வேர் ஒன்று உண்டு. 1836-இல் சின்தியா ஆன் பார்க்கர் என்ற சிறுமியைக் கொமாஞ்சிகள் கொண்டுபோனார்கள். அவள் அவர்களோடு வளர்ந்து, மணந்து, பிள்ளை பெற்றாள். 1860-இல் டெக்சாஸ் ரேஞ்சர்கள் அவளை 'மீட்டார்கள்'. அவளுக்கோ அது இரண்டாம் கடத்தல். திரும்பிப் போகத் துடித்தபடியே ஏறத்தாழ பத்தாண்டில் இறந்தாள். அவள் மகன்தான் குவானா பார்க்கர். 1908-இல் ஓக்லஹோமாவில் கேமரா முன்னால் நின்றாரே, அதே தலைவர். தாயின் வாழ்க்கையிலிருந்து கிளைத்த படம் உலகின் தலைசிறந்த படங்களின் பட்டியலில் ஏறியது. அதில் கொமாஞ்சித் தலைவனாக நடித்தவர் பெர்லினில் பிறந்த வெள்ளைக்காரர், ஹென்றி பிராண்டன்.

இதை வெறும் குறையாகச் சொல்லிக் கடக்க முடியாது. இந்த வகையின் அடித்தளத்திலேயே உள்ள விரிசல் இது. நவாஹோக்கள் ஃபோர்டின் படங்களில் அப்பாச்சியாக, கொமாஞ்சியாக, செயென்னாக வந்து விழுந்து செத்தார்கள். தன் பங்குக்குப் பரிகாரம் போல ஃபோர்டு 1964-இல் எடுத்த 'செயென் ஆட்டம்' படத்திலும் முக்கியமான செயென்களாக நடித்தவர்கள் வேற்றார். பின்னால் நின்ற நவாஹோக்கள் நவாஹோ மொழியிலேயே பேசினார்கள். கறுப்பர் கதையும் இதுவே. கௌபாய்களில் ஏறத்தாழ நால்வரில் ஒருவர் கறுப்பர் என்று வரலாற்றாசிரியர்கள் மதிப்பிடுகிறார்கள். மெக்சிகோ வக்கேரோக்களிடமிருந்துதான் சுருக்குக்கயிறு வீச்சும் சேணமும் ரோடியோ என்ற சொல்லும் வந்தன. திரையில் பல பத்தாண்டுகள் அவர்களுக்குச் சமையற்காரன், வேலையாள், குடிகாரன் வேடங்கள்தாம். ஃபோர்டின் 'சார்ஜென்ட் ரட்லெட்ஜ்' (1960) கறுப்பு வீரன் ஒருவனை நடுவில் நிறுத்தியது. அதில் நடித்த உடி ஸ்ட்ரோடுக்கு அதற்குத் தக்க வாய்ப்புகள் பின்னால் அமையவில்லை.

பெண்கள் நிலையும் மேலானதில்லை. பெரும்பாலும் ஆசிரியை அல்லது சலூன்காரி. விதிவிலக்காக ஒன்றிரண்டு. 'ஜானி கிட்டார்' (1954) படத்தில் துப்பாக்கியோடு எதிரெதிர் நிற்பவர்கள் இரண்டு பெண்கள். கெல்லி ரைக்கார்ட்டின் 'மீக்ஸ் கட்டாஃப்' (2010) இன்னும் தூரம் போகிறது. 1845-இல் ஒரிகனுக்குப் போகும் வண்டிகள் வழிதவறுகின்றன. அகலத் திரையை உதறிவிட்டுச் சதுரத்துக்கு நெருங்கிய சட்டகத்தில் எடுத்திருக்கிறார். பெண்கள் அணிந்த குல்லாயின் ஓரங்கள் மறைத்தது போக அவர்களுக்கு எவ்வளவு தெரிந்ததோ அவ்வளவே நமக்கும். ஆண்கள் கூடி வழி பேசும்போது குரல் தேய்ந்து தூரத்தில் கேட்கிறது. நூறாண்டாகப் பார்த்த அதே பாலை, இப்போது வேறு கண்ணில்.

1950-களின் இறுதியில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் மாலை நேரத்தில் மட்டும் இருபத்தைந்துக்கும் மேற்பட்ட வெஸ்டர்ன் தொடர்கள் ஓடின. 'கன்ஸ்மோக்' இருபது பருவம் போயிற்று. திகட்டிவிட்டது. அந்த நேரத்தில் இத்தாலியிலிருந்து ஒருவர் வந்தார்.

செர்ஜியோ லியோனேயின் 'எ ஃபிஸ்ட்ஃபுல் ஆஃப் டாலர்ஸ்' (1964) ஸ்பெயினின் அல்மேரியா வறள்நிலத்தில் எடுத்தது. அமெரிக்கத் தொலைக்காட்சி நடிகர் கிளின்ட் ஈஸ்ட்வுட்டுக்குச் சம்பளம் 15,000 டாலர். கதை அகிரா குரோசாவாவின் 'யோஜிம்போ'வில் இருந்து கேட்காமல் எடுத்தது. வழக்கு வந்தது, உலக வருவாயில் 15 விழுக்காடு ஜப்பானுக்குப் போயிற்று. குரோசாவாவோ ஃபோர்டைக் குருவாகக் கொண்டாடியவர். அவருடைய 'செவன் சாமுராய்' ஹாலிவுட்டில் 'தி மேக்னிஃபிசென்ட் செவன்' (1960) ஆயிற்று. அரிசோனாவில் புறப்பட்ட கதை டோக்கியோ போய், ரோம் வழியாக ஸ்பெயினில் இறங்கிவிட்டது. லியோனேயோடு பள்ளியில் ஒன்றாகப் படித்த என்னியோ மோரிகோனே இசை. சாட்டையொலி, சீட்டி, மணி, நரி ஊளை, மனிதக் குரல்.

'ஒன்ஸ் அப்பான் எ டைம் இன் தி வெஸ்ட்' (1968) தொடக்கத்தைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப்பாருங்கள். இசையே இல்லை. ஆளற்ற ரயில் நிலையம். எண்ணெய் காணாத காற்றாலை கிறீச்சிடுகிறது. மூன்று கொலைகாரர்கள் காத்திருக்கிறார்கள். உடி ஸ்ட்ரோடின் தொப்பியில் மேலிருந்து சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுகிறது. அவர் நகரவில்லை. தண்ணீர் விளிம்பில் தேங்கட்டும் என்று விடுகிறார். இன்னொருவன் முகத்தில் ஈ ஊர்கிறது. துப்பாக்கிக் குழாயின் வாயில் அதைச் சிறைப்பிடித்து, உள்ளே அது ரீங்கரிப்பதைக் காதில் வைத்துக் கேட்டுச் சிரிக்கிறான். மூன்றாமவன் விரல்களைச் சொடுக்குகிறான். பத்து நிமிடத்துக்குப் பக்கமாக இதுவே. பிறகு ரயில், பிறகு ஹார்மோனிகா. சண்டை கண்ணிமைக்கும் நேரம். லியோனே அமெரிக்காவை நேரில் வாழ்ந்து அறிந்தவரல்ல; சிறுவயதில் ரோமில் திரையில் பார்த்தே காதலித்தவர். அவர் படங்களில் உள்ள பெருமூச்சு தூரத்திலிருந்து காதலித்தவனின் பெருமூச்சு.

அந்தப் பெருமூச்சு நமக்கும் அன்னியமில்லை. சிவகாசியிலிருந்து வந்த முத்து, லயன் காமிக்ஸ்களில் டெக்ஸ் வில்லரையும் கேப்டன் டைகரையும் லக்கி லூக்கையும் தமிழ் பேச வைத்த தலைமுறைகள் நாங்கள். டெக்ஸ் இத்தாலியில் பிறந்தவர். மற்ற இருவரும் பிரெஞ்சு மொழியில். அரிசோனாவுக்கு வெகுதொலைவில் வரைந்ததை, அரிசோனாவைக் காணாதவர்கள் மொழிபெயர்க்க, அரிசோனாவைக் காணாத நாங்கள் திண்ணையில் உட்கார்ந்து வாசித்தோம். அமெரிக்காவில் எடுபடாத 'மெக்கனாஸ் கோல்டு' (1969) இந்தியாவில் பேயோட்டம் ஓடியது. எம். கர்ணன் ஜெய்சங்கரைக் குதிரையேற்றி 'காலம் வெல்லும்' (1970), 'கங்கா' (1972) என்று எடுத்தார். தெலுங்கில் கிருஷ்ணா 'மோசகாள்ளகு மோசகாடு' (1971) செய்தார். 2010-இல் சிம்புதேவன் 'இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம்' எடுத்தபோது தன் ஊருக்கு ஜெய்சங்கர்புரம் என்றே பேர் வைத்தார். ராமநகரப் பாறைகளுக்கு நடுவே எடுத்த 'ஷோலே' (1975) படத்தில் டாகூரின் குடும்பம் ஊஞ்சல் கிறீச்சிட விழும் காட்சியைப் பார்ப்பவர்க்கு லியோனே நினைவுக்கு வராமல் போகாது. ஆநிரை கவர்வதும் மீட்பதும் நம் புறத்திணையின் முதல் பாடம். மாடு மீட்டுப் பட்டவனுக்கு நட்ட கல் செங்கத்திலும் தருமபுரியிலும் இன்றும் நிற்கிறது. மாட்டுக்காகச் செத்தவனைப் பாட நமக்கு யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை.

வியட்நாம் போர் அமெரிக்காவின் தன்னம்பிக்கையை உடைத்தபோது வெஸ்டர்னும் உடைந்தது. சாம் பெக்கின்பாவின் 'தி வைல்டு பன்ச்' (1969) இயந்திரத் துப்பாக்கியின் முன்னால் கிழட்டுக் கொள்ளையர்களை நிறுத்தியது. 'லிட்டில் பிக் மேன்' (1970) குதிரைப்படையைக் கொலைகாரர்களாகக் காட்டியது. பத்தாண்டு கழித்து மைக்கேல் சிமினோவின் 'ஹெவன்ஸ் கேட்' நான்கரைக் கோடி டாலரை நெருங்கிச் செலவழித்து, அதில் பத்தில் ஒரு பங்கைக்கூட அமெரிக்க அரங்குகளில் திருப்பி எடுக்கவில்லை. யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் கைமாறியது. வெஸ்டர்ன் செத்தது என்று எழுதினார்கள். இந்த இரங்கல் குறிப்பு அதற்கு முன்னும் பின்னும் பலமுறை எழுதப்பட்டதே. 1992-இல் ஈஸ்ட்வுட் 'அன்ஃபர்கிவன்' கொண்டுவந்தார். திரைக்கதையை வாங்கி வைத்துக்கொண்டு, தனக்கு அந்த வயது வரட்டும் என்று காத்திருந்து எடுத்த படம். பன்றி மேய்க்கும் கிழவன், குதிரையில் ஏறத் தடுமாறுகிறவன், தான் கொன்ற முகங்களைக் கனவில் பார்க்கிறவன். தான் வாழ்நாளெல்லாம் நடித்த பாத்திரத்தின் கணக்கைத் தானே எழுதி முடித்து, லியோனேக்கும் இன்னொரு ஆசானான டான் சீகலுக்கும் காணிக்கையாக்கினார். அதன் பிறகு ஜேன் கேம்பியன் மொன்டானாவின் கதையை நியூசிலாந்தில் எடுத்தார். 'கில்லர்ஸ் ஆஃப் தி ஃபிளவர் மூன்' (2023) எண்ணெய்க்காகக் கொல்லப்பட்ட ஓசேஜ் மக்களைப் பேசியது. ஒவ்வொரு தலைமுறையும் தன் காலத்துக் காயத்தோடு அதே இருபது முப்பது ஆண்டுகளுக்கும் அதன் நிழலுக்கும் திரும்பிப் போகிறது.

இவற்றில் என் மனதில் தங்கிவிட்ட ஒன்று பெயர்பெற்ற நட்சத்திரம் எவரும் இல்லாத சிறிய படம். பெய்ஜிங்கில் பிறந்த குளோயி ஜாவ் 2017-இல் எடுத்த 'தி ரைடர்'. இடம் பைன் ரிட்ஜ். வூண்டட் நீ ஓடை இருக்கும் அதே பைன் ரிட்ஜ். நாயகன் பிராடி ஜாண்ட்ரோ ஒரு லகோட்டா, நிஜக் கௌபாய். ரோடியோவில் குதிரை மிதித்து மண்டை பிளந்த வாழ்க்கையைத்தான் நடிக்கிறான். தந்தையும் தங்கையும் சொந்தத் தந்தையும் தங்கையுமே. இனி ஏறினால் உயிர் போகும் என்கிறார்கள் மருத்துவர்கள்.

நடுவில் அவன் ஒரு முரட்டுக் குதிரையைப் பழக்கும் காட்சி. ஒத்திகை எதுவும் இல்லை. அவன் உண்மையாகவே பழக்கியபோது கேமரா பக்கத்தில் நின்றது. பட்டிக்குள் குதிரை சுற்றிச் சுற்றி ஓடுகிறது. அவன் துரத்தவில்லை. மெல்லப் பேசிக்கொண்டே, பார்வையைத் தாழ்த்திக்கொண்டு, அது நின்றால் நின்று, அது திரும்பினால் விலகி, பிறகு கழுத்தில் ஒரு கை. கை எடுபடுகிறது. மறுபடி கை. முதுகில் மெல்லச் சாய்ந்து தன் எடையைக் கொஞ்சங்கொஞ்சமாக அதற்குப் பழக்குகிறான். குதிரையின் காது திரும்புகிறது.

கடைசியில் ஒருநாள் ரோடியோவுக்குப் போய்விடுகிறான். சேணம் தயார், குதிரை தயார், பெயரும் அழைக்கப்படப் போகிறது. நிமிர்ந்து பார்க்கிறான். கூட்டத்தில் தந்தையும் தங்கையும் நின்றுகொண்டிருக்கிறார்கள். அவன் இறங்கி அவர்களை நோக்கி நடக்கிறான்.